ஒப்பம் யாரைக் கட்டும்? பாலமுனைக் கரையோரத்தில் அரச விவசாயக் காணிப் பகிர்வும் வழக்குகளும்

1. கேள்வி

கிழக்குக் கரையோரத்தில் ஒரு வயலுக்கு விலை பேசினாலும், அதை மகளுக்குச் சீதனமாகக் கொடுக்க நினைத்தாலும், வங்கியில் ஈடு வைக்கப் போனாலும் முதலில் எழும் கேள்வி ஒன்றுதான்: “உறுதிக் காணியா, ஒப்பக் காணியா?” உறுதிக் காணி என்றால் தனியார் உரித்து. நொத்தாரிசு முன்னிலையில் விற்கலாம், எழுதலாம், பங்கு பிரிக்கலாம். ஒப்பக் காணி என்றால் அரச காணி. பிரதேச செயலகம் கொடுத்த அனுமதிப்பத்திரத்தின் பேரில் செய்கை பண்ணப்படுவது. இரண்டிலும் ஒரே வாய்க்கால் தண்ணீர் பாய்கிறது; ஒரே பெரும்போகத்தில் ஒரே நெல் விளைகிறது. வழக்கு என்று வந்துவிட்டால் மட்டும் இரண்டும் வெவ்வேறு உலகங்கள்.

ஒலுவிலுக்கும் அட்டாளைச்சேனைக்கும் இடையில், கிழக்கே கடலும் மேற்கே வயலுமாக அமைந்த ஊர் பாலமுனை. அட்டாளைச்சேனைப் பிரதேச செயலகப் பிரிவைச் சேர்ந்த இவ்வூரிலும், அயலிலுள்ள நிந்தவூர், சம்மாந்துறை, இறக்காமம், அக்கரைப்பற்று ஆகிய இடங்களிலும் காணிப் பிணக்கைப் பெரும்பாலும் இனப் பிணக்காகவே பேசிப் பழகிவிட்டோம். அதற்கு வரலாற்றுக் காரணங்கள் உண்டு. அவற்றை இக்கட்டுரை மறுக்கவில்லை. ஆனால் இனக் கணக்கு மட்டும் எல்லாவற்றையும் விளக்காது. ஒரே வீட்டில் பிறந்த அண்ணனும் தங்கையும் ஏன் வழக்காடுகிறார்கள்? ஒரே அரசின் இரண்டு திணைக்களங்கள் ஒரே காணிக்கு ஏன் இரண்டு பெயர் வைக்கின்றன? இவற்றுக்கு விடை ஒப்பம் என்ற ஆவணத்தின் இயல்பிலேயே கிடக்கிறது. ஒப்பம் விவசாயியைப் பல நிபந்தனைகளால் கட்டுகிறது. அதைக் கொடுத்த அரசையோ அது போதிய அளவு கட்டுவதில்லை. இக்கரையோரத்தின் காணி வழக்குகளுக்குள் ஓடும் பொது இழை இதுவே என்பது என் வாதம்.

2. ஒப்பம் பிறந்த கதை

1840 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்க முடிக்குரிய காணிகள் அத்துமீறல் கட்டளைச்சட்டம், உரித்து நிரூபிக்கப்படாத காடுகளையும் தரிசு நிலங்களையும் முடிக்குரியவை என்று ஊகித்தது. தலைமுறை தலைமுறையாகச் சேனை வெட்டியவர், மாடு மேய்த்தவர், மாரி மழையை நம்பி மானாவாரி விதைத்தவர் எல்லோரும் தம் உரித்தைத் தாமே நிரூபிக்க வேண்டியவராயினர். 1897 ஆம் ஆண்டின் தரிசு நிலக் கட்டளைச்சட்டம் அந்தப் பாரத்தை இன்னும் கூட்டியது. அன்று கடுதாசி வைத்திருந்த குடியானவர் மிகச் சிலர்.

1927 இல் நியமிக்கப்பட்ட காணி ஆணைக்குழு இதற்கு ஒரு மாற்று வழி தேடியது. அந்த வழியின் வேர் நம் கரையோரத்திலேயே இருந்தது. 1920 களில் மட்டக்களப்பின் அரசாங்க அதிபராக இருந்த சி. வி. பிரெய்ன், குடியானவருக்குக் காணியை விற்காமல் நிபந்தனைகளோடு வழங்கும் முறையை இங்கே பரீட்சித்துப் பார்த்தார். பின்னர் அவரே நாட்டின் முதலாவது காணி ஆணையாளரானார். அம்முறையே 1935 ஆம் ஆண்டின் 19 ஆம் இலக்கக் காணி அபிவிருத்திக் கட்டளைச்சட்டமாக உருப்பெற்றது. காணி கடன்காரன் கைக்குப் போகக் கூடாது, துண்டு துண்டாகச் சிதறக் கூடாது என்ற இரண்டு அச்சங்கள் அந்தச் சட்டத்தின் உயிர்நாடி. அவை நல்ல நோக்கத்தில் பிறந்த அச்சங்கள். ஆனால் குடியானவன் தன் காணியைத் தானே காக்கத் தெரியாதவன் என்ற எண்ணமும் அவற்றோடு கூடவே சட்டத்துக்குள் நுழைந்துவிட்டது.

1949 இல் கல்லோயா அபிவிருத்திச் சபை அமைந்தது. பட்டிப்பளை ஆறு என்று நம்மவர் அழைத்த ஆற்றை இங்கினியாகலவில் மறித்துச் சேனநாயக்க சமுத்திரம் கட்டப்பட்டது. குடியேற்றவாசிக்குத் தொடக்கத்தில் 4 ஏக்கர் வயலும் 3 ஏக்கர் மேட்டுநிலமும் கிடைத்தன. பின்னர் அந்த அளவு குறைந்தது. ஆற்றின் கீழ்ப்பகுதியில் பரம்பரையாக வெள்ளாமை செய்துவந்த தமிழ், முஸ்லிம் ஊர்களின் பழைய வட்டைகளும் இப்புதிய நீர்ப்பாசன ஒழுங்குக்குள் வந்தன. 1961 இல் மட்டக்களப்பிலிருந்து அம்பாறை தனி மாவட்டமாகப் பிரிந்தபோது காணிப் பேரேடுகளும் கச்சேரியோடு இடம் மாறின. பழைய ஒப்பத்தின் மூலப்பிரதியைத் தேடும் ஒருவர் இன்றும் இந்த நிர்வாக வரலாற்றைக் கடந்தே வர வேண்டும்.

3. தாளும் அதன் நிபந்தனைகளும்

ஓர் ஒப்பத்தை எடுத்துப் பாருங்கள். பெரும்பாலும் நான்காய் மடித்து, மடிப்புகள் கிழிந்து, பிளாஸ்டிக் உறைக்குள் வைத்துப் பெட்டகத்தின் அடியில் கிடக்கும். காணிக் கச்சேரியில் தெரிவானவரின் பெயர், துண்டு இலக்கம், வரைபட இலக்கம், ஏக்கர்–றூட்–பேர்ச்சஸில் விஸ்தீரணம், நான்கு திக்கு எல்லைகள் எல்லாம் அதில் இருக்கும். எல்லைகளுள் ஒன்று ‘அரச காடு’ என்றோ ‘ஒதுக்கீடு’ என்றோ எழுதப்பட்டிருக்கலாம். பின்னுரித்தாளர் பெயருக்கு என்று ஓர் இடம் உண்டு. பல ஒப்பங்களில் அந்த இடம் வெறுமையாகவே கிடக்கிறது.

நிபந்தனைகள் கண்டிப்பானவை. காணியைத் தொடர்ந்து செய்கை பண்ண வேண்டும். அரசின் அனுமதியின்றி விற்கவோ கைமாற்றவோ கூடாது. மீறிச் செய்த கைமாற்றம் செல்லாது. காணி அபிவிருத்திக் கட்டளைச்சட்டத்தின் 161 ஆம் பிரிவின்படி, ஒப்பக் காணியில் எத்தனை ஆண்டு இருந்தாலும் நீண்டகால ஆட்சியால் எவரும் உரித்துப் பெற முடியாது. நிபந்தனை மீறப்பட்டால் அறிவித்தல் கொடுத்து, விசாரணை நடத்தி ஒப்பத்தை இரத்துச் செய்யலாம். இவை அனைத்தும் பெறுபவரின் கடமைகள். வழங்கியவரின் கடமைகளை அந்தத் தாளில் தேடினால் கிடைப்பது அற்பமே. இந்தத் துண்டுக்கு இன்னொரு திணைக்களம் உரிமை கோராது, வேறொருவருக்கு இது வழங்கப்படாது, யுத்தத்தால் வயலுக்குப் போக முடியாமற் போனால் அது தரிசு போட்ட குற்றமாகாது என்ற உறுதிமொழி எதுவும் அதில் இல்லை.

4. வீட்டுக்குள் எழும் வழக்கு

கிழக்கிலங்கை முஸ்லிம்களிடையே குடி வழி தாய்வழியாகவே எண்ணப்படுகிறது. கலியாணம் முடித்த மாப்பிள்ளை பெண் வீட்டுக்கு வருகிறார். வீடும் வளவும், இயன்றால் ஒரு துண்டு வயலும் மகளுக்குச் சீதனமாகப் போகின்றன. இது சமூக வழமை. மறுபுறம், 1931 ஆம் ஆண்டின் 10 ஆம் இலக்க முஸ்லிம் மரணசாசனமில்லா வழியுரிமைக் கட்டளைச்சட்டத்தின் வழியே ஷரீஅத் பங்கு நடைமுறையில் உள்ளது. அதன்படி மனைவிக்கும் மகனுக்கும் மகளுக்கும் பெற்றாருக்கும் தனித்தனிப் பங்கு உண்டு. மூன்றாவதாக நிற்பது காணி அபிவிருத்திக் கட்டளைச்சட்டம். அதன் கண்ணுக்கு ஒப்பக் காணி பிரிக்க முடியாத ஓர் அலகு. அது ஒருவரைத்தான் போய்ச் சேரும். பின்னுரித்தாளர் பெயரிடப்படாத இடத்தில், மூன்றாம் அட்டவணை மகன்மாரை முதலில் வைத்தது. அவர்களுள் மூத்தவரை முன்னிறுத்தியது.

ஒரு குடும்பத்தை உதாரணமாக வைத்துப் பார்ப்போம். வாப்பாவின் பெயரில் 4 ஏக்கர் ஒப்பக் காணி. மூன்று ஆண், மூன்று பெண். மூத்த மகளுக்குக் கலியாணம் பேசியபோது, “வடக்குப் பக்கத்து ரெண்டு ஏக்கரும் அவளுக்குத்தான்” என்று வாப்பா சபையில் சொன்னார். மருமகன் 20 வருடங்களாக அதில் விதைத்து, கமநல சேவை நிலையத்தில் தன் பெயரில் உரமும் எடுத்தார். வாப்பா மௌத்தானார். பின்னுரித்தாளர் இடம் வெறுமை. மூத்த மகன் பிரதேச செயலகத்துக்குப் போனார். சட்டம் அவர் பக்கம் நின்றது. வழமையின்படி வயல் மூத்த மகளுடையது. மார்க்கத்தின்படி எல்லோருக்கும் பங்கு. ஒப்பத்தின்படி ஒருவருக்கு மட்டும். மூன்றும் மூன்று திசையில் இழுக்க, அந்த வீட்டில் பெருநாளுக்குக்கூட ஒருவர் முகத்தை ஒருவர் பார்ப்பதில்லை.

மகளைப் பெயரிட வாப்பாவுக்குச் சட்டம் தடை விதிக்கவில்லை என்பதை இங்கே அழுத்திச் சொல்ல வேண்டும். பெயரிட்டிருந்தால் அது செல்லும். ஆனால் அப்பெயரிடல் உரிய படிவத்தில் எழுதப்பட்டு, அவர் உயிரோடு இருக்கும்போதே காணிப் பதிவகத்தில் பதியப்பட்டிருக்க வேண்டும். சபையில் கொடுத்த வாக்குக்கு ஊரில் மதிப்புண்டு, பதிவகத்தில் இல்லை. 2022 இல் வந்த திருத்தம் மகன், மகள் என்ற வேறுபாட்டை நீக்கியது. பெண்கள் அமைப்புகள் நெடுங்காலம் போராடிப் பெற்ற வெற்றி அது. ஆனால் ‘ஒருவருக்கே’ என்ற விதி மாறவில்லை. மூத்த மகன் இருந்த இடத்துக்கு மூத்த பிள்ளை வந்திருக்கிறார். மற்ற ஐந்து பேரின் கேள்வி அப்படியே நிற்கிறது.

5. ஒரே அரசின் இரண்டு தாள்கள்

குடும்ப வழக்கில் ஒப்பம் ஒருவரிடமாவது போய்ச் சேர்கிறது. இரண்டாவது வகை வழக்கில் ஒப்பமே கேள்விக்குள்ளாகிறது.

அக்கரைப்பற்றுக்கு மேற்கேயுள்ள வட்டமடு இதற்குத் தெளிவான சான்று. அங்கு பெரும்பாலும் அக்கரைப்பற்றுப் பகுதி முஸ்லிம் விவசாயிகள் நெற்செய்கை பண்ணினர். 1970 களில் அப்பகுதி மேய்ச்சல் தரையாக அறிவிக்கப்பட்டதைச் சுட்டி, பெரும்பாலும் தமிழரான கால்நடை வளர்ப்போர் உரிமை கோரினர். 2010 இல் வனத் திணைக்களத்தின் வர்த்தமானி அறிவித்தலும் வந்து சேர்ந்தது. விவசாயி ஒப்பத்தைக் காட்டினார். கால்நடை வளர்ப்பவர் மேய்ச்சல் தரை அறிவித்தலைக் காட்டினார். வன உத்தியோகத்தர் வர்த்தமானியைக் காட்டினார். மூன்று தாளிலும் இருப்பது ஒரே அரசின் முத்திரை. விதைக்கப் போனவர்கள் வனச் சட்டத்தின் கீழ் நீதிமன்றம் ஏறினர். 2017 இல் விவசாயிகள் அக்கரைப்பற்றில் தொடர் சத்தியாக்கிரகம் இருந்தனர். இதை முஸ்லிம்–தமிழ்ச் சண்டை என்று சுருக்குவது இரு தரப்புக்கும் செய்யும் அநீதி. மாடு வளர்ப்பவரின் தேவை உண்மையானது. விதைப்பவரின் தேவையும் உண்மையானது. தன் தாள்களைத் தானே ஒப்புநோக்காத நிர்வாகத்தின் குற்றத்துக்கு இரண்டு ஏழைச் சமூகங்கள் ஒன்றையொன்று குற்றம் சாட்டிக்கொண்டு நிற்கின்றன.

வட்டமடுவின் நிலை தனி விபத்தல்ல. 2001 ஆம் ஆண்டின் 5 ஆம் இலக்கச் சுற்றறிக்கை, அதுவரை பிரதேச செயலாளர்களின் பொறுப்பில் இருந்த எஞ்சிய அரச காடுகளை வனத் திணைக்களத்தின் கட்டுப்பாட்டுக்குள் கொண்டுவந்தது. 2020 இல் அது நீக்கப்பட்டு, அதிகாரம் மீண்டும் பிரதேச செயலகங்களை நோக்கித் திரும்பியது. சூழலியலாளர்கள் அதை எதிர்த்து நீதிமன்றம் சென்றனர். காட்டைக் காக்க வேண்டும் என்பதில் இரண்டு கருத்தில்லை; யானையும் மழையும் நமக்கும் வேண்டும். ஆனால் ஒரு சுற்றறிக்கை கொடுத்ததை இன்னொரு சுற்றறிக்கை எடுக்குமானால், விவசாயி எதை நம்பி வரம்பு கட்டுவார்?

யுத்தம் இச்சிக்கலைப் பன்மடங்காக்கியது. 1980 களின் நடுப்பகுதியிலிருந்து பல வட்டைகளுக்குப் போவதே உயிராபத்தானது. வெறுமையாகக் கிடந்த வயலைப் பற்றை மூடியது. சில இடங்களில் வேறொருவர் செய்கை பண்ணினார். 2016 ஆம் ஆண்டின் 5 ஆம் இலக்க ஆட்சியுரிமை (விசேட ஏற்பாடுகள்) சட்டம், 1983 மே 1 முதல் 2009 மே 18 வரை ஆயுதக் குழுக்களின் செயலால் தம் காணிக்குப் போக முடியாதவர்களுக்கு எதிராக அக்காலத்தைக் கணக்கிடக் கூடாது என்றது. நல்ல சட்டம். ஆனால் அதன் பயன் உறுதிக் காணிக்காரருக்கே. ஒப்பக்காரரின் ஆபத்து நீண்டகால ஆட்சி அல்ல. ‘செய்கை பண்ணத் தவறினார்’ என்ற நிபந்தனை மீறல். அதிலிருந்து அவரைக் காக்க இணையான சட்டம் வரவில்லை.

ஹிங்குரானைக் கரும்புக் காணிகளின் கதையும் இதன் இன்னொரு முகம். கரும்புக்கென வழங்கப்பட்ட காணியில், ஆலை 1990 களில் மூடப்பட்டபின் விவசாயிகள் நெல்லுக்கு மாறினர், மாறாவிட்டால் பட்டினி. பின்னர் தனியார் பங்கோடு ஆலை மீண்டும் இயங்கியபோது, மீண்டும் கரும்புதான் நட வேண்டும் என்றனர். ஆலையை மூடி உடன்பாட்டை முதலில் கைவிட்டது அரசு. நிபந்தனை நினைவூட்டப்பட்டதோ விவசாயிக்கு.

6. யாருக்கு வழங்குவது?

மூன்றாவது வகை வழக்கு, வழங்கும் அளவுகோல் பற்றியது. 2004 சுனாமிக்குப் பின் சவூதி அரேபியாவின் நிதியில் நுரைச்சோலையில் 500 வீடுகள் கட்டப்பட்டன. அக்கரைப்பற்றுக் கரையோரத்தில் வீடிழந்தோரை எண்ணி எழுந்த திட்டம் அது. பயனாளிகள் தெரிவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனு தாக்கலானது. 2009 இல் நீதிமன்றம் அத்தெரிவை ஏற்கவில்லை. கட்டி முடிந்த வீடுகள் ஆண்டுக்கணக்கில் பூட்டிக் கிடந்து சிதைந்தன. இது வீட்டு வழக்கே ஆனாலும், அரச காணி யாருக்கு என்ற கேள்வியில் இக்கரையோர மக்களின் நினைவில் ஆழப் பதிந்தது இதுதான்.

அளவுகோலே இல்லாத நாடல்ல இது. 1987 ஆம் ஆண்டின் 13 ஆவது திருத்தத்தின் இரண்டாம் பின்னிணைப்பு, மாகாணங்களுக்கிடையிலான நீர்ப்பாசனத் திட்டங்களில் காணி பெறுவோரைத் தெரிய ஓர் ஒழுங்கைச் சொல்கிறது. திட்டத்தால் இடம்பெயர்ந்தோர் முதலில், மாவட்டத்தின் காணியற்றோர் அடுத்து, பின்னர் மாகாணத்தின் காணியற்றோர். காணியின்மை, வருமானம், குடும்ப அளவு, விவசாயப் பின்புலம் ஆகியன தகைமைகள். தேசியக் கொள்கை வகுக்கத் தேசியக் காணி ஆணைக்குழு ஒன்று அமைய வேண்டும் என்றும் அதே பின்னிணைப்பு கூறுகிறது. அது எழுதப்பட்டு மூன்று தசாப்தங்களுக்கு மேல் ஓடியும் அந்த ஆணைக்குழு செயல்வடிவம் பெறவில்லை. அது இருந்திருந்தால் வட்டமடுவும் நுரைச்சோலையும் முதலில் போயிருக்க வேண்டிய இடம் அதுவே.

7. நீதிமன்றத்தின் குறுகிய வாசல்

1979 ஆம் ஆண்டின் 7 ஆம் இலக்க அரச காணிகள் (உடைமை மீளப் பெறுதல்) சட்டத்தின் கீழ், அதிகாரமுள்ள அலுவலர் ஒருவர் வெளியேறும் அறிவித்தல் கொடுக்கலாம். அவ்வறிவித்தல் பற்றித் தம் பக்க நியாயத்தைச் சொல்லும் உரிமை பெறுபவருக்கு இல்லை என்று 1983 இன் திருத்தம் வெளிப்படையாகவே கூறுகிறது. குறித்த நாளில் வெளியேறாவிட்டால் விடயம் நீதவானிடம் போகிறது. அங்கு 9 ஆம் பிரிவின்படி ஒரே ஓர் எதிர்வாதத்துக்கே இடமுண்டு: நடைமுறையிலுள்ள, இரத்துச் செய்யப்படாத செல்லுபடியான அனுமதிப்பத்திரத்தைக் காட்டுவது. அது அரச காணிதானா என்று கேட்க முடியாது. அலுவலரின் விண்ணப்பத்தை ஆதரிக்கும் சான்றை நீதவான் அவரிடம் கேட்கவும் முடியாது. பெட்டகத்தின் அடியில் கிடந்த அந்தக் கிழிந்த தாளே அப்போது ஒரு குடும்பத்தின் முழுத் தற்காப்பு. யுத்தத்திலோ சுனாமியிலோ அது அழிந்திருந்தால், பிரதேச செயலகத்தின் பேரேடுதான் கதி. பேரேட்டிலும் பக்கம் இல்லையென்றால் கதியே இல்லை.

இந்த அறிவித்தலை எதிர்த்து மாகாண மேல் நீதிமன்றத்தில் எழுத்தாணை கோரும் வழியை, சோலைமுத்து ராசு வழக்கில் உயர் நீதிமன்றம் 2013 செப்டெம்பரில் அடைத்தது. அரச காணி மத்திய அரசிடமே உள்ளது. ஆதலால் மாகாண மேல் நீதிமன்றத்துக்கு அந்த நியாயாதிக்கம் இல்லை என்பது தீர்ப்பு. அதிகாரப் பகிர்வு பற்றி அத்தீர்ப்பு எழுப்பிய விவாதம் பெரியது. பாலமுனை விவசாயிக்கு அதன் பொருள் எளியது. கல்முனையில் கேட்கக்கூடிய நீதியை இனிக் கொழும்பு மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் போய்க் கேட்க வேண்டும். இராப் பஸ் பிடித்து, விடிய விடியப் பயணம் செய்து, புதுக்கடையில் சட்டத்தரணியைத் தேடி, தவணை கேட்டுத் திரும்ப வேண்டும். வயலின் ஒரு போக வருமானம் அந்தப் பயணங்களிலேயே கரைகிறது.

தீர்ப்போ முடிவோ கிடைத்தால் மட்டும் காணி திரும்புவதுமில்லை. பாணமையில் 2010 ஜூலையில் வெளியேற்றப்பட்ட மக்களுக்கு 340 ஏக்கரைத் திருப்பிக் கொடுக்க 2015 பெப்ரவரியில் அமைச்சரவை தீர்மானித்தது. அதன் பின்னரும் அம்மக்கள் போராடவும் நீதிமன்றப் படியேறவும் வேண்டியிருந்தது.

எனினும் நம் நீதித்துறையில் நம்பிக்கைக்கு இடமுண்டு. எப்பாவல பொஸ்பேற்று வழக்கில் 2000 ஆம் ஆண்டு உயர் நீதிமன்றம் இயற்கை வளங்கள் தொடர்பாக அரசை மக்களின் நம்பிக்கைப் பொறுப்பாளராகக் கண்டது. பொறுப்பாளர் தான் கொடுத்த வாக்கைத் தானே மீற முடியாது. அந்தத் தத்துவத்தை ஒப்பக் காணிக்கும் நீட்டுவதே அடுத்த படி.

8. முழு உறுதியே மருந்தா?

எல்லா ஒப்பங்களையும் முழு உரித்து உறுதியாக மாற்றிவிட்டால் தொல்லை தீரும் என்பார் உண்டு. 2024 இல் தொடங்கிய ‘உறுமய’ திட்டம் 20 இலட்சம் பேருக்கு அவ்வாறு உறுதி வழங்கும் இலக்கை அறிவித்தது. உரித்து மக்களிடம் போவதை நான் வரவேற்கிறேன். ஆனால் இரண்டு எச்சரிக்கைகள் வேண்டும். முதலாவது, பிணக்குத் தீராத காணியில் உறுதி கொடுத்தால் பிணக்கும் உறுதியாகிவிடும். வட்டமடுவில் யாருக்கு உறுதி எழுதுவது? இரண்டாவது, பிரெய்ன் காலத்து அச்சம் இன்றும் பொய்யாகவில்லை. இன்றே ஒப்பக் காணிகள் கடிதத் துண்டில் குத்தகைக்கும் ஈட்டுக்கும் போகின்றன. ஒரு போகம் அழிந்தால் உரக் கடனுக்கு உறுதியே போய்விடும்.

ஆகவே தேவை, ஒப்பத்தை ஒழிப்பதற்கு முன் ஒப்பத்தை இருபக்கமும் கட்டும் உடன்படிக்கையாக ஆக்குவது. செல்லுபடியான ஒப்பமுள்ள காணியை வனமாகவோ மேய்ச்சல் தரையாகவோ அறிவிப்பதற்கு முன் ஒப்பக்காரரைக் கேட்டறிவதும், எடுத்தால் மாற்றுக் காணியோ நட்டஈடோ கொடுப்பதும் சட்டக் கடமையாக வேண்டும். யுத்த காலத்தில் செய்கை பண்ணாமை நிபந்தனை மீறலாகாது என்று சட்டம் சொல்ல வேண்டும். தொலைந்த ஒப்பத்துக்குப் பதில் கமநல சேவை நிலையப் பதிவு, ஏக்கர் வரிப் பற்றுச்சீட்டு, நீர்ப்பாசனப் பதிவு ஆகியவற்றை நீதவான் ஏற்க இடமிருக்க வேண்டும். வெளியேறும் அறிவித்தலை எதிர்க்கும் எழுத்தாணை மனுவைக் கல்முனையிலேயே கேட்க வழி செய்ய வேண்டும். தேசியக் காணி ஆணைக்குழு அமைய வேண்டும். அதில் கிழக்கின் மூன்று சமூகங்களுக்கும் இடம் வேண்டும்.

9. முடிவுரை

இவை பாராளுமன்றமும் நீதிமன்றமும் செய்ய வேண்டியவை, காலம் எடுக்கும். காலம் எடுக்காத ஒரு வேலை நம் வீடுகளுக்குள் இருக்கிறது. பள்ளிவாசல் நிருவாகிகளுக்கும், விவசாய அமைப்புகளுக்கும், வட்டவிதானைமாருக்கும், பல்கலைக்கழகச் சட்ட மாணவர்களுக்கும் என் வேண்டுகோள் இது. பெரும்போகம் தொடங்குமுன் ஊரில் ஒரு நாளை ஒதுக்கி, ஒப்பக்காரர் எல்லோரையும் அழையுங்கள். ஒவ்வொரு ஒப்பத்துக்கும் பிரதியெடுத்து, பேரேட்டோடு ஒத்துப்பாருங்கள். பின்னுரித்தாளர் இடம் வெறுமையாக இருந்தால், குடும்பம் முழுவதும் கலந்து பேசி, மகள்மாரின் பங்கையும் மனதிற்கொண்டு அதை நிரப்பி, காணிப் பதிவகத்தில் பதிய உதவுங்கள். வாப்பா உயிரோடு இருக்கையில் அரை மணி நேரத்தில் எழுதக்கூடிய பெயர் அது. அவர் மௌத்தான பின் அதே பெயருக்காகப் பிள்ளைகள் நீதிமன்ற வாசலில் ஆண்டுக்கணக்கில் நிற்க நேரிடும்.